இரு கரைக்கும் அயலார்

குமரி மாவட்டத்து மலைச்சாரலிலே, கீரிப்பாறையை அடுத்த அரசு ரப்பர் தோட்டங்களிலே, வைகறை இருளில் பால்வெட்டப் புறப்படும் மக்களை நாஞ்சில் நாட்டார் இன்னும் ‘சிலோன்காரர்’ என்றே சுட்டுகின்றனர். சிலோன் என்ற நாட்டுப்பெயர் 1972-இலேயே மாறிவிட்டது, பட்டம் மாறவில்லை. அந்தத் தீவைக் கண்ணாலும் காணாத பேரப்பிள்ளைகளின் தலைமீதும் அது ஏறி அமர்ந்திருக்கிறது! அம்மக்களோ, அக்கரையிலே இருந்த காலத்தில் ‘இந்தியக்காரர்’ என்று ஒதுக்கப்பட்டவர்கள். அங்கே இந்தியர், இங்கே சிலோனியர்; எனில், அவர்கள் தமிழராவது எங்கே?

வரலாற்றைப் புரட்டுவோம். கண்டிச் சீமையிலே ஆங்கிலேயன் காப்பி பயிரிட்டான். பஞ்சத்தாலும் சாதிக் கொடுமையாலும் நொந்த நம் மக்கள், கங்காணியின் சொல்லை நம்பிக் கடல் கடந்து, மன்னார்க் காட்டுவழியே கால்நடையாக மலையேறினர். அவருள் பெரும்பகுதியினர் தாழ்த்தப்பட்டோர். காய்ச்சலுக்கும் பேதிக்கும் இரையாகி வழியிலேயே மாண்டோர் பலர். இலைநோயால் காப்பி அழிந்தது, தேயிலை தழைத்தது, லயன் அறைகளிலே தலைமுறைகள் பிறந்து மடிந்தன. 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரசின் எழுவர் நாடாளுமன்றம் சென்றனர். அதுவே குற்றமாயிற்று போலும்! மறு ஆண்டே குடியுரிமைச் சட்டம் பாய்ந்தது. உன் தந்தை இம்மண்ணில் பிறந்ததற்குச் சான்று எங்கே என்றது. லயனில் பிறந்தவனுக்குப் பதிவேடு ஏது? 1949-இல் வாக்குரிமையும் பறிபோயிற்று.

1964 அக்டோபர் 30. சாஸ்திரியாரும் சிறிமாவோ அம்மையாரும் கையெழுத்திட்டனர். நாடற்றோர் 9,75,000 பேர் எனக் கணக்கிட்டு, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கிட்டனர். எஞ்சிய 1,50,000 பேரை 1974-இல் சரிபாதியாக்கினர். பாகப்பிரிவினையிலே பண்டபாத்திரங்களைப் பிரிப்பதுபோல மக்களைப் பிரித்தனர்! பிள்ளைகளை ஒரு வார்த்தை கேட்டாரில்லை. தந்தையின் தாள் எந்தக் கரைக்கோ, குழந்தையின் தாயகமும் அந்தக் கரை. அண்ணன் இங்கே, தம்பி அங்கே. முன்னோர் கப்பலேறுமுன் நோய்த்தடுப்புக்காக நிறுத்தப்பட்ட மண்டபம் முகாமே, திரும்பி வந்த வழித்தோன்றல்களையும் வாங்கிக்கொண்டது.

வந்தவர்க்கு வேலை தர நீலகிரியிலே தேயிலைத் தோட்டங்களும், குமரியிலே ரப்பர் தோட்டங்களும் வளர்க்கப்பட்டன. 1984-இல் அரசு ரப்பர் கழகம் தோன்றியது. நன்றே, மறுப்பாரில்லை. ஆனால் குடியிருப்பு கழகத்துக்கு உரியது. உழைக்கும் கை ஓய்ந்தபின் கூரை எங்கே? லயனின் நிழல் கடலையும் தாண்டி வந்துவிட்டது!

நம்மவர்க்கு மட்டுமா இந்நிலை? 1961-இலே, அதே அக்டோபர் 30-இலே, மேற்கு ஜெர்மனி துருக்கியோடு ஆள்சேர்ப்பு ஒப்பந்தம் செய்தது. ‘விருந்தினர் தொழிலாளர்’ என்று பெயர் சூட்டினர். விருந்து நடந்ததோ சுரங்கத்திலும் ஆலையிலும்! அவர்தம் பிள்ளைகள் ஜெர்மனியிலே அயலார். விடுமுறைக்குத் துருக்கி சென்றாலோ ‘ஜெர்மன்காரர்’ என்ற கேலி. அங்கே பிறந்த பிள்ளைக்கு, பெற்றோர் நெடுங்காலம் வாழ்ந்திருந்தால் குடியுரிமை என்ற சட்டம் 2000-இல்தான் நடைமுறைக்கு வந்தது. இலங்கையிலே எஞ்சிய நாடற்றோர்க்கு விடிவு, 2003-இல்.

நாஞ்சில் நாட்டார்க்கு இந்நோவு புதிதோ? திருவிதாங்கூரிலே தமிழரென்று தாழ்த்தப்பட்டு, 1954 ஆகஸ்ட் 11-இலே துப்பாக்கிக் குண்டுக்கு உயிர் தந்து, 1956 நவம்பர் 1-இலே தாயகத்தோடு இணைந்த மண் இது. எல்லைக்காகப் போராடிய நாம், எல்லை கடந்து வந்த உடன்பிறப்பைப் பட்டப்பெயரால் வாயிலிலேயே நிறுத்துவதா? பள்ளிப் பதிவேட்டிலே அப்பிள்ளைகளுக்கு ஊர் உண்டு. கீரிப்பாறை என்றே எழுதுகிறோம். அடுத்த இருக்கைப் பையனோ ‘ஏ சிலோன்’ என்று அழைக்கிறான். அச்சொல்லை அவன் கற்றது பாடநூலிலன்று, வீட்டுத் திண்ணையிலே.