வண்ணத்தில் வாழ்ந்த அரசு: சேதுபதிகளும் இராமலிங்க விலாசமும்

சுவரோவியம் என்றால் கீரமங்கலம் பக்கத்தார்க்கு முதலில் நினைவில் எழுவது சித்தன்னவாசலின் தாமரைக்குளமே. நம் மாவட்டத்துப் பெருமை அது, ஐயமில்லை. ஆனால் ஓர் அரசகுடி தன் ஆட்சியுரிமையையே வண்ணமாகக் குழைத்துச் சுவரில் எழுதிவைத்த வரலாற்றை அறிய வேண்டுமெனில், நாம் அறந்தாங்கியைக் கடந்து தெற்கே இராமநாதபுரம் வரை செல்லவேண்டும். சித்தன்னவாசலில் அரசனும் அரசியும் ஒரு தூணில் ஒதுங்கி நிற்கின்றனர். இராமலிங்க விலாசத்திலோ, இராமாயணத்திற்கும் பாகவதத்திற்கும் இணையாகச் சேதுபதியே சுவரெங்கும் நிறைந்திருக்கிறார்.

சேதுவையும் இராமேசுவரம் செல்லும் அடியார்களையும் காக்கும் பொறுப்பினால் சேதுபதி எனப்பட்டவர்கள் இம்மறவர் குடியினர். 1605-இல் மதுரை நாயக்கர் முத்துகிருஷ்ணப்பர் சடைக்கத் தேவரை இப்பதவியில் அமர்த்தினார் என்பது வரலாறு. ஆக, தொடக்கத்தில் இவர்கள் மதுரைக்கு அடங்கியவர்களே. இக்குடி முதலில் நாடிய புகழ்க்கருவி தமிழ். இரகுநாத திருமலை சேதுபதி மீது அமிர்தகவிராயர் பாடிய ஒருதுறைக் கோவை, நாணிக் கண்புதைத்தல் என்னும் ஒரே துறையில் நானூறு பாடல்களைக் கொண்டது. ஒரு துறைக்கு நானூறு பாடலா என்று நம் மாணவர்கள் மலைப்பதுண்டு. மலைக்கத்தான் வேண்டும்!

கிழவன் சேதுபதி காலத்தில் நிலைமை மாறியது. அவர் போகலூரிலிருந்து தலைநகரை இராமநாதபுரத்திற்கு மாற்றிக் கோட்டை எழுப்பினார். 1702-இல் இராணி மங்கம்மாளின் படையை முறியடித்தார். தொண்டைமான் குடியில் பெண்ணெடுத்து, புதுக்கோட்டை அரசு தோன்றவும் காரணமானவர் இவரே என்பதால் நம்மவர்க்கு அவர் அயலார் அல்லர்.

அவருக்குப்பின் 1710-இல் பட்டமெய்திய முத்துவிஜய இரகுநாத சேதுபதியின் காலத்தவை இராமலிங்க விலாசத்து ஓவியங்கள். அவற்றுள் ஒரு காட்சியை நாம் நின்று நோக்கவேண்டும். மதுரை நாயக்கர் விஜயரங்க சொக்கநாதர், சேதுபதிக்கு இரத்தினங்களால் அபிடேகம் செய்கிறார். நூறாண்டுகளுக்கு முன் எந்த அரசு இக்குடியைப் பதவியில் அமர்த்தியதோ, அவ்வரசின் வேந்தரே இங்கு மணி சொரிகிறார். மற்றொரு காட்சியில் இராசராசேசுவரி அம்மனே சேதுபதிக்கு ஆட்சிச் சின்னம் அருள்கிறாள். இரண்டையும் ஒருசேரக் கண்டவர்க்கு, இவர் எவருக்கும் அடங்கியவர் என்ற எண்ணம் எழுமா? இதனையே வண்ணத்தின் மாயம் என்போம். பிறிதொரு சுவரில் ஐரோப்பியர் சேதுபதியைக் காண வந்து நிற்கின்றனர். வேறொன்றில் தஞ்சை மராட்டியருடன் போர் நிகழ்கிறது. பார்ப்பவர் பிழையாக உணர்ந்துவிடக்கூடாது என்று தமிழெழுத்தில் குறிப்பும் உண்டு. மேல்மாடியிலோ அரசர் போரை மறந்து அந்தப்புர மகளிருடன் இன்புற்றிருக்கிறார். இதனை ஒழுக்கக்கேடு என முகம் சுளிப்போர் உளர். உலாவும் காதலும் பாடிய அக்காலப் புலவர்களின் மரபை அறிந்தோர் அங்ஙனம் சுளியார்.

சுவரில் வென்ற தஞ்சைப்போர் களத்தில் அவ்வாறு முடியவில்லை. தஞ்சையாரை எதிர்த்து அறந்தாங்கியில் பாசறை அமைத்திருந்தபோது கொள்ளைநோய் பரவியது. அதற்குச் சேதுபதியும் பலியானார். ஆண்டு 1725 என்பர். நமக்கு இவ்வளவு அருகில், பலரும் அறியாது கடந்துசெல்லும் அறந்தாங்கியில்தான் அக்குடியின் இறங்குமுகம் தொடங்கியது. அடுத்து வாரிசுப்போர். பவானி சங்கரனை வீழ்த்தக் கட்டயத்தேவரும் சசிவர்ணத்தேவரும் தஞ்சையின் துணையையே நாடினர். அதற்கு விலையாகப் பாம்பாற்றுக்கு வடக்கேயுள்ள நிலம் தஞ்சைக்குச் சென்றது. எஞ்சியதில் ஐந்தில் மூன்று பங்கு இராமநாதபுரம்; இரண்டு பங்கு சிவகங்கை.

1772-இல் நவாபின் படையும் ஆங்கிலேயர் படையும் கோட்டையைப் பிடித்தன. சிறுவர் முத்துராமலிங்க சேதுபதி தாயாருடன் திருச்சியில் சிறைவைக்கப்பட்டார். 1781-இல் மீண்டும் அரசரானார். 1795-இல் கம்பெனியார் அவரைப் பதவிநீக்கி மீண்டும் சிறையிட்டனர். 1809-இல் சென்னையில் சிறைக்கைதியாகவே மறைந்தார்.

1798 செப்டம்பர் 10 அன்று வீரபாண்டிய கட்டபொம்மன் கலெக்டர் ஜாக்சனைச் சந்தித்தது இந்த இராமலிங்க விலாசத்தில்தான். 1959-இல் வந்த திரைப்படத்தின் உரையாடலை மனப்பாடமாகச் சொல்வோர் நம்மிடையே பலர். அச்சந்திப்பு நிகழ்ந்த மாளிகைக்கு உரியவர் அன்று எங்கிருந்தார் என்று கேட்போர் சிலரே. ஐரோப்பியர் சேதுபதியைக் காணக் காத்துநிற்பதாக எழுதிய சுவர்களுக்கிடையே ஐரோப்பியர் ஒருவர் அதிகாரியாக அமர்ந்திருந்தார், சேதுபதியோ சிறையில்.

1803-இல் அரசு ஜமீன் ஆயிற்று. அதன்பின் இக்குடி மீண்டும் தமிழுக்கே திரும்பியது. பாஸ்கர சேதுபதியின் கொடை நாடறிந்தது. 1901-இல் பாண்டித்துரைத் தேவர் மதுரைத் தமிழ்ச்சங்கம் நிறுவியபோது அவர் உறுதுணையாக நின்றார். 1903-இல் அவர் மறைந்தார். 1948-இல் இயற்றிய ஜமீன் ஒழிப்புச் சட்டத்தால் ஜமீனும் முடிந்தது. மாளிகை இன்று தமிழ்நாடு தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளது. விஜயரங்க சொக்கநாதர் இன்றும் அங்கு மணி சொரிந்துகொண்டிருக்கிறார்.