குளத்தின் அடியில் கிடக்கும் சரித்திரம்

பதிவு கொஞ்சம் நீளமாகப் போய்விட்டது. மஃரிபுக்குப் பிறகு ஒரு பிளேன்டீயோடு உட்கார்ந்து வாசியுங்கள்.

சிறுபோகம் முடிந்து குளத்தில் நீர் ஒதுங்கும் நாட்களில் கரையில் நடந்து பார்த்தவர்களுக்கு அந்த வாடை தெரியும். காலை வைத்தால் கணுக்கால் வரை புதைகிற சேறு. மேலே மெல்லிய மண்ணிறத் தோல், அதற்குக் கீழே கரி போன்ற கறுப்பு. காலை இழுத்தால் கூழ்முட்டை நாற்றம். சின்ன வயதில் விரால் பிடிக்க இறங்கி, வீட்டுக்கு வந்து உம்மாவிடம் ஏச்சு வாங்கிய சேறு அதுதான். "குளத்துச் சேறு மணக்காமல் வேறு என்ன செய்யும்" என்று கடந்து போய்விடுவோம். ஆனால் இந்தப் பிரதேசத்தின் நூற்றைம்பது, இருநூறு வருடச் சரித்திரம் எந்தப் புத்தகத்தில் இருக்கிறதோ இல்லையோ, அந்தச் சேற்றில் அடுக்கடுக்காகக் கிடக்கிறது. ஆறும் வாய்க்காலும் கொண்டுவந்த எல்லாவற்றையும் குளம் அடியில் சேர்த்து வைக்கிறது. கடையில் எழுதும் கடன் கொப்பி மாதிரி, எதையும் மறப்பதில்லை.

பழைய காலத்திலிருந்து தொடங்குவோம். இலங்கையின் பண்டைய குளம் என்பது வெறும் கட்டும் தண்ணீரும் அல்ல. குளத்துக்கு மேலே, தண்ணீர் வந்து விழும் பக்கத்தில், புல்லும் கோரையும் நிறைந்த ஒரு பட்டை நிலத்தை விட்டு வைத்தார்கள். வடமத்திய மாகாணத்துச் சிங்கள விவசாயிகள் அதனைப் 'பெரஹன' என்பார்கள். வடிகட்டி என்று பொருள். வெள்ளத்தோடு வரும் மண் அந்தப் புல்லில் தங்கிவிடும். குளக்கட்டுக்குக் கீழே, வயலுக்கு முன்னால், 'கட்டகடுவ' என்ற மரச்செறிவு. கசிந்து வரும் நீரிலுள்ள உப்பை அது வாங்கிக்கொள்ளும். அடிமட்டத்தில் வைத்த மதகுக்குச் சேற்று மதகு என்றே பெயர். ஆய்வுகூடமும் ஒட்சிசன் மானியும் இல்லாத காலத்து மனிதர்கள், குளத்தின் எதிரி மேலே மிதப்பதல்ல, அடியில் படிவதுதான் என்று தெரிந்து வைத்திருந்தார்கள்.

1832 இல் ஆங்கிலேயர் இராஜகாரியத்தை ஒழித்தார்கள். கட்டாய ஊழியம் ஒழிந்தது நல்லதுதான். ஆனால் அதோடு சேர்த்து, ஊர் கூடி மண்வெட்டி எடுத்துக் குளம் திருத்துகிற கடமையும் போய்விட்டது. அதற்குப் பதிலாக வேறொன்று வருவதற்கு இருபத்து நான்கு வருடம் ஆனது. ஆளுநர் சேர் ஹென்றி வார்ட் காலத்தில், 1856 ஆம் ஆண்டு 9 ஆம் இலக்கச் சட்டம் பழைய நீர்ப்பாசன வழக்கங்களைத் திரும்ப உயிர்ப்பித்தது. அதே காலத்தில்தான் மட்டக்களப்புப் பகுதியில் எமது இறக்காமம் குளமும் அம்பாறைக் குளமும் திருத்தப்பட்டன. எமது வட்டவிதானைமாரும், போகம் தொடங்கும் கூட்டங்களும் இந்த வழக்கங்களின் தொடர்ச்சிதான்.

அந்தக் காலத்துக் குளச்சேற்றில் என்ன இருந்திருக்கும்? காட்டு மண், அழுகிய இலை, மாட்டுச் சாணம். வற்றிய குளத்திலிருந்து வண்டில் கட்டி அள்ளி வந்து வயலில் போட்டார்கள், நெல் விளைந்தது. சேறு அன்று பசளை.

1949 இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. பட்டிப்பளை ஆறு என்று எம் மூத்தவர்கள் சொன்ன ஆற்றை இங்கினியாகலையில் மறித்து, சுமார் 770,000 ஏக்கர் அடி கொள்ளளவுள்ள சேனாநாயக்க சமுத்திரம் கட்டப்பட்டது. மலேரியாவுக்குப் பயந்து ஆள் போகாத காட்டில் குடியேற்றம் சாத்தியமானதற்கு ஒரு காரணம் அணை. இன்னொரு காரணம் டீ.டீ.டி. இரண்டாம் உலகப்போர் முடிந்த கையோடு நாடு முழுக்க வீட்டுச் சுவர்களில் அதனை அடித்தார்கள். மலேரியா படுத்துவிட்டது, 1963 இல் முழு நாட்டிலும் 17 பேருக்குத்தான் மலேரியா. ஐந்து வருடத்தில் அது திரும்பி வந்தது வேறு கதை. டீ.டீ.டி காப்பாற்றிய உயிர்களை நாம் மறுக்கக் கூடாது. ஆனால் அதன் குணம் ஒன்றுண்டு: தண்ணீரில் கரையாது, கொழுப்பிலும் சேற்றிலும் ஒட்டிக்கொள்ளும். இலங்கையில் 1976 இல் தடை வந்தது. உலகில் டீ.டீ.டி பாவித்த நாடுகளின் ஏரிச் சேற்றில், தடை வந்து பல பத்தாண்டுகள் கழித்தும் அதன் மிச்சத்தை ஆய்வாளர்கள் எடுத்துக் காட்டியிருக்கிறார்கள்.

பிறகு பசளை. 1962 இல் பசளை மானியம். 1970 அளவில் பீ.ஜீ 11-11 போன்ற புதிய நெல்லினங்கள். அந்த நெல் பசளையைக் கேட்கிற நெல். 2005 இல் 50 கிலோ மூட்டை 350 ரூபா என்று வந்ததை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். அந்த விலைக்குக் கிடைக்கும்போது யார்தான் அளந்து போடுவார்கள்? யூரியா கரைந்து ஓடிவிடும். டீ.எஸ்.பி அப்படியல்ல. அதிலுள்ள பொஸ்பரஸ் மண் துகளைப் பிடித்துக்கொண்டு, வயல் வடிநீரில் கலங்கலாகக் கிளம்பி, தண்ணீர் நிதானிக்கும் இடத்தில் மண்ணோடு சேர்ந்து படியும். கல்லோயாப் பள்ளத்தாக்கில் மேல் வயலின் வடிச்சல்தான் கீழ்க் குளத்தின் வரத்து. ஆகவே அது எங்கே படியும் என்று சொல்லத் தேவையில்லை.

படிந்தது படிந்தபடி கிடந்தால் என்ன கெடுதி? நியாயமான கேள்வி. இதற்கு விடை கண்டவர் கிளிஃபர்ட் மோர்டிமர் என்ற ஆங்கிலேயர். 1941, 42 இல், வெளியே உலகப்போர் நடந்துகொண்டிருக்க, இங்கிலாந்தின் ஏரி மாவட்டத்துச் சேற்றைக் கண்ணாடித் தொட்டிகளில் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கண்டது இது. சேற்றுக்கு மேலேயுள்ள நீரில் ஒட்சிசன் இருக்கும்வரை, சேற்றின் மேற்தோலில் இரும்பு துருவாக இருக்கும். அந்தத் துரு பொஸ்பரஸைக் கெட்டியாகப் பிடித்து வைத்திருக்கும். ஒட்சிசன் தீர்ந்துபோனால் துரு கரைகிறது, பிடி விடுகிறது, பொஸ்பரஸ் மேலே நீருக்கு வருகிறது. குளத்தைப் பூட்டியிருக்கும் பூட்டு ஒட்சிசன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் இதனை வகுப்பில் செய்து பார்த்தோம். இரண்டு ஜேம் போத்தல், குளத்தோரச் சேறு, குளத்து நீர். ஒன்றைத் திறந்து வைத்தோம், மற்றதை வாய்வரை நிரப்பி இறுக்கி மூடினோம். திறந்த போத்தலில் மண்ணிறத் தோல் அப்படியே நின்றது. மூடியதில் நாளடைவில் தோல் மறைந்து, சேறு முழுக்கக் கறுத்தது. திறந்தபோது முன் வாங்கில் இருந்த பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடினார்கள். அந்தத் தெளிந்த நீரை ஒரு கிண்ணத்தில் ஊற்றி வைத்தோம். அடுத்த நாள் அது இலேசாகத் துருநிறம் காட்டியது. கரைந்து வந்த இரும்பு காற்றுப் பட்டுத் திரும்பத் துருவானது. உபகரணம் இல்லை என்று நாம் சும்மா இருக்கத் தேவையில்லை.

சுவீடனில் ட்ரம்மன் என்றொரு ஏரி. நகரக் கழிவு அதில் விழுந்து கெட்டது. 1950களின் கடைசியில் கழிவை நிறுத்திவிட்டார்கள். ஏரி தெளியவில்லை. பத்து வருடம் பார்த்தார்கள், தெளியவே இல்லை. வெளியிலிருந்து எதுவும் வராவிட்டாலும் அடிச்சேறு உள்ளிருந்தே பொஸ்பரஸை ஊட்டிக்கொண்டிருந்தது. கடைசியில் 1970, 71 இல் ஏறக்குறைய ஒரு மீட்டர் சேற்றை உறிஞ்சி எடுத்த பிறகுதான் நீர் திருந்தியது. 2021 மே மாதம் இரசாயனப் பசளைக்குத் தடை வந்தபோது "இனிக் குளங்கள் சுத்தமாகும்" என்று சிலர் எழுதினார்கள். நவம்பரில் தடை தளர்ந்தது. நெற்செய்கை அடிவாங்கியதுதான் மிச்சம். அறுபது வருடம் சேர்ந்தது ஆறு மாதத்தில் போகாது என்பதை ட்ரம்மன் ஐம்பது வருடத்துக்கு முன்பே காட்டியிருந்தது.

நீர் பச்சையாவது அழகுக் குறை மட்டுமல்ல. 1999 இல் கண்டி வாவி திடீரெனப் பச்சைச் சாயம் கரைத்தது போல் ஆனது. காரணம் மைக்ரோசிஸ்டிஸ் என்ற நீலப்பச்சை அல்கா. இதன் சில வகைகள் ஈரலைத் தாக்கும் நஞ்சை விடும். கொதிக்க வைத்தாலும் அந்த நஞ்சு அழியாது. கல்முனை, சம்மாந்துறை, அக்கரைப்பற்று என்று கரையோர ஊர்களின் குழாய்களில் வருவது கொண்டவட்டுவான் குளத்து நீர், தேசிய நீர் வழங்கல் வடிகாலமைப்புச் சபை சுத்திகரித்துத் தருவது. சுனாமிக்குப் பிறகு கிணறுகள் உவர்த்துப்போன ஊர்களுக்கு அந்தக் குழாய்தான் கதி. குளத்தின் அடியில் நடப்பது வயற்காரரின் பாடு மட்டும் என்று கடற்கரை ஊரார் நினைக்க வேண்டாம்.

இங்கே ஒரு விஷயம். ஷாபி மத்ஹபில் இரண்டு குல்லத்துக்கு மேற்பட்ட நீர், நஜீஸ் விழுந்து நிறமோ மணமோ சுவையோ மாறினால்தான் அசுத்தமாகும் என்று ஓதியிருக்கிறோம். அது வுழூவுக்கான அளவுகோல். நஞ்சுக்கு அதனை அளவுகோலாக எடுத்து, "தண்ணீர் தெளிவாகத்தானே இருக்கிறது" என்று வாதிடுவது சரியல்ல. கட்மியத்துக்கு நிறமுமில்லை, மணமுமில்லை.

கட்மியம் என்றதும் சிறுநீரக நோய் ஞாபகம் வரும். பொஸ்பேற்றுப் பாறையில் இயற்கையாகவே கட்மியம் கொஞ்சம் உண்டு, அது டீ.எஸ்.பியோடு வயலுக்கு வரும். 1990களில் வடமத்தியில் அறியப்பட்ட, காரணம் தெரியாத அந்த நோய் எமது மாவட்டத்தின் சில பகுதிகளிலும் இருக்கிறது. 2008 இல் பேராசிரியர் பண்டார குழுவினர், குளங்களின் அடிச்சேற்றிலும் நீரிலும் கட்மியம் அதிகம், அது நெல்லிலும் திலாப்பியாவிலும் ஏறுகிறது என்று எழுதினார்கள். நாடே அதிர்ந்தது. ஆனால் பின்னர் வந்த ஆய்வுகளில் குடிநீரின் கட்மியம் அனுமதித்த அளவுக்குள்தான் இருந்தது. உலக சுகாதார நிறுவனத்தோடு சேர்ந்து செய்து 2013 இல் வெளியிட்ட ஆய்வு, நோயாளரின் சிறுநீரில் கட்மியம் கூடுதல் என்றது. நீரில் அப்படியில்லை என்றது. வழக்கு இன்னும் தீரவில்லை. முகநூலில் "பசளைதான் கிட்னியைத் தின்கிறது" என்று தீர்ப்பெழுதுவோர் இதனைக் கவனிக்க வேண்டும். ஒன்றுமே இல்லை என்று கைகழுவுவோரும்தான்.

சேற்றில் உலோகம் நடந்துகொள்ளும் விதமும் விசித்திரமானது. நீருக்கடியில் ஒட்சிசன் இல்லாத கறுப்புச் சேற்றில் கந்தகம் கட்மியத்தைக் கட்டிப்போடும். குளம் வற்றி, சேறு வெடித்து, காற்றுப் படும்போது அந்தக் கட்டு அவிழும். முதல் மழையோடு அது கரைந்து கிளம்பும். ஆசனிக் இதற்கு நேர் எதிர்: நீர் தேங்கி ஒட்சிசன் இல்லாதபோது வெளியே வரும், காய்ந்தால் இரும்புத் துருவில் ஒட்டும். ஒன்றை அடக்கப்போனால் மற்றது எழும்பும். ஜப்பானின் ஜின்சு ஆற்றங்கரையில் சுரங்கக் கழிவு வயலில் படிந்து, கட்மியம் சோற்றில் ஏறி, எலும்பு நொறுங்கும் 'இத்தாய் இத்தாய்' நோய் வந்தது. 1968 இல்தான் அரசாங்கம் அதனை ஒப்புக்கொண்டது. அதே நாட்டின் மினமாட்டா விரிகுடாவில் தொழிற்சாலை விட்ட இரசம் சேற்றில் தங்கி, மீனில் ஏறி, மனிதரை முடக்கியது. கழிவு 1968 இல் நின்றது. சேற்றை அள்ளி, ஒரு பகுதியை மண்போட்டு மூடிமுடிக்க 1990 ஆனது. 58 ஹெக்டேயர் கடலை நிலமாக்கித்தான் அதனைப் புதைத்தார்கள்.

எமது குளம் மினமாட்டா அல்ல. வீண்பயம் கிளப்ப இதனை எழுதவில்லை. குளங்களைத் தூர்வார வேண்டும் என்ற பேச்சு ஒவ்வொரு வறட்சியிலும் வருகிறது. நாமும் அதை ஆதரிக்கிறோம். ஆனால் பெக்கோவை இறக்கும் முன் சில கேள்விகளை விவசாய அமைப்புகளும் பள்ளிவாசல் நிருவாகங்களும் அதிகாரிகளிடம் கேட்க வேண்டும். சேற்றின் மேற்படையையும் அடிப்படையையும் தனித்தனியாக எடுத்துப் பரிசோதித்தாயிற்றா? அள்ளும் மண் எங்கே போகும்? குளக்கட்டில் குவித்தால் மாரியில் திரும்பவும் குளத்துக்குள்தான். வாப்பாமார் காலத்தைப் போல நேரே வயலுக்கும் மரக்கறித் தோட்டத்துக்கும் கொண்டுபோவதானால், அது அந்தக் காலத்துச் சேறுதானா என்று பார்க்க வேண்டாமா? எவ்வளவு ஆழம்? நீரைத் தாங்கி நிற்கும் அடிக்களியைப் பெக்கோ கிழித்துவிட்டால் குளம் ஓட்டைப் பானையாகிவிடும். இன்னொன்று, குளத்துக்கு மேலே அந்தப் புற்பட்டைக்கு இடம் விட்டிருக்கிறோமா, அல்லது அங்கேயும் வரம்பு கட்டி விதைத்துவிட்டோமா? இந்தக் கடைசிக் கேள்வி அதிகாரிகளுக்கல்ல, எங்களுக்குத்தான். அதனால்தான் யாரும் அதனைக் கூட்டத்தில் எழுப்புவதில்லை.

அந்த இரண்டு போத்தலும் இன்னும் வகுப்பு யன்னலில் இருக்கின்றன. பார்க்க விரும்பும் பெற்றோர் பாடசாலை நேரத்தில் வரலாம். மூடிய போத்தலை மட்டும் திறக்க வேண்டாம். குளம் திருத்திய காலத்தைப் பற்றியோ, சேறு அள்ளிய வண்டில்களைப் பற்றியோ வீட்டிலுள்ள மூத்தவர்கள் ஏதும் சொன்னால் கீழே எழுதுங்கள். நாங்கள் கொப்பியில் பதிந்து வைக்கிறோம்.