நோய் பரப்பி ஒழிக்கப் பார்த்த புதர்

1940களில் நியூசிலாந்து விவசாயிகள் பலர் நோய் கண்ட கிளைகளை வெட்டி, வண்டியில் ஏற்றி, ஊர் விட்டு ஊர் கொண்டுபோனார்கள். கரி பூசியதுபோல் கறுத்துக் கிடந்த அந்தக் கிளைகளைப் பச்சையாய் நின்ற மனுகாப் புதர்களுக்குள் செருகிவிட்டு வந்தார்கள். தங்கள் நிலத்துச் செடிக்கும் அந்த நோய் தொற்றிக்கொள்ள வேண்டும் என்பதுதான் நோக்கம். தீ வைத்தும் அரிவாள் போட்டும் ஒழியாத செடி இப்படியாவது ஒழியாதா என்ற ஆசை.

அவர்கள் நம்பியது ஆஸ்திரேலியாவிலிருந்து வந்து சேர்ந்த ஒரு செதில்பூச்சியை. தென் தீவின் கான்டர்பரிப் பகுதியில் ஒராரி என்ற இடத்தை ஒட்டி 1930களின் பிற்பகுதியில் மனுகா கூட்டம் கூட்டமாகப் பட்டுப்போவது கண்ணில் பட்டது. பூச்சி சாற்றை உறிஞ்சி, இனிப்பான கழிவை இலைமேல் ஒழுகவிடும். அதன்மேல் கரும்பூசணம் படரும். வெயில் படாமல், சாறும் இழந்து, சில ஆண்டுகளில் செடி காய்ந்துவிடும். இலவசமாகக் கிடைத்த இந்தக் களைக்கொல்லி நாடு முழுக்கப் பரவியது. ஆனால் பத்துப் பதினைந்து ஆண்டுகளுக்குள் அந்தப் பூச்சியையே தின்னும் ஒரு பூஞ்சை தலையெடுத்தது. 1950களில் மனுகா மறுபடி மலைச்சரிவுகளில் தழைத்தது.

அன்றைக்கு அந்தப் புதரைக் கொல்லப் பாடுபட்டவர்களின் பேரன் பேத்திகள் இன்று அதே சரிவுகளில் மனுகாக் கன்று நடுகிறார்கள். செடி மாறவில்லை. அதைப் பார்த்தவர்களின் தேவைதான் மாறிக்கொண்டே வந்திருக்கிறது.

நாவல், கொய்யா, கிராம்பு, யூகலிப்டஸ் எல்லாம் அடங்கிய குடும்பத்தைச் சேர்ந்தது மனுகா. பெரும்பாலும் ஆளுயரத்துக்குச் சற்று மேலே நிற்கும் புதர்; வளம் கிடைத்தால் மரமாகவும் உயரும். இலை சிறியது, நுனி ஊசி. கானுகா என்று இதற்கு ஒரு ஒன்றுவிட்ட சகோதரம் உண்டு. தூரத்திலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். கிளையை உள்ளங்கையால் உருவிப் பார்க்கச் சொல்வார்கள். குத்தினால் மனுகா, மெத்தென்று இருந்தால் கானுகா. வெள்ளையாகவோ இளஞ்சிவப்பாகவோ ஐந்து இதழ்ப் பூ. பூ உதிர்ந்தபின் மரக்கட்டைபோல் இறுகிய சிறு காய்கள், ஆண்டு முழுக்கக் கிளையிலேயே ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தக் காய்க்குள் தூசிபோன்ற விதைகள். தீயில் செடி கருகினால் காய் வாய் பிளந்து விதையைச் சாம்பலில் கொட்டிவிடும். விவசாயி கொளுத்தக் கொளுத்த, அவரே விதைத்துக்கொண்டிருந்தார் என்று சொன்னால் தப்பில்லை.

நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரி மக்களுக்கு இது களையாக இருந்ததே இல்லை. கல்போன்ற அதன் கட்டையில் துடுப்பும் ஈட்டியும் நிலம் கிளறும் கோலும் செய்தார்கள். ஆற்றில் விலாங்கு பிடிக்கும் தடுப்புகளுக்குக் கழிகள் ஊன்றினார்கள். பட்டையைக் கூரைக்கு இட்டார்கள். இலையை வேகவைத்து ஆவி பிடித்தார்கள். காய்ச்சலுக்குக் கஷாயம் வைத்தார்கள். காயைக் கொதிக்கவைத்து வயிற்றுப்போக்குக்குக் கொடுத்தார்கள். கிளையில் கசியும் இனிப்புப் பிசின் பச்சைக் குழந்தைகளுக்குப் போனது. இந்தப் பட்டியலில் தேன் இல்லை. கடையில் விற்கும் மனுகாத் தேன் சீசாவில் பழங்குடி மருத்துவம், ஆயிரமாண்டு ஞானம் என்றெல்லாம் அச்சிட்டிருந்தால் சிரித்துவிட்டு நகரலாம். நியூசிலாந்தின் சொந்தத் தேனீக்கள் தனித்து வாழ்பவை. அடை கட்டித் தேன் சேர்ப்பவை அல்ல. தேன் சேர்க்கும் ஐரோப்பியத் தேனீ அந்தத் தீவுகளுக்குக் கப்பலில்தான் வந்தது. 1839இல் மேரி பம்பி என்ற பெண், மதப்பணியாளரான தன் அண்ணனோடு வந்தபோது, ஹோக்கியாங்காவிலுள்ள மாங்குங்கு மிஷனுக்கு இரண்டு கூடுகளைக் கொண்டுவந்தார். அதுவரை மனுகாவின் பூந்தேன் அந்நாட்டுப் பறவைகளுக்கும் பூச்சிகளுக்கும்தான்.

அதற்கும் முன்பே ஐரோப்பியர்கள் இந்தச் செடியைக் குடித்துப் பார்த்துவிட்டார்கள். 1773இல் கேப்டன் குக்கின் ரெசல்யூஷன் கப்பல் தென்மேற்குக் கரையிலுள்ள டஸ்கி சவுண்டில் நங்கூரமிட்டிருந்தது. மாலுமிகளுக்கு ஸ்கர்வி நோய் வந்துவிடக் கூடாதென்று, ரிமு மரத்தின் தளிரையும் மனுகா இலையையும் கொதிக்கவைத்து, வெல்லப்பாகு சேர்த்துப் புளிக்கவைத்து ஒருவகை பீர் காய்ச்சினார் குக். இலையைத் தனியாகப் போட்டுத் தேநீர்போலவும் குடித்தார்கள். அந்தக் கப்பலில் இருந்த இயற்கையியலாளர்களான ஃபார்ஸ்டர்கள், அப்பாவும் மகனும், 1776இல் இதற்கு லெப்டோஸ்பெர்மம் என்ற இனப்பெயரை அச்சிலேற்றினார்கள்.

பின்னால் வந்த குடியேறிகளுக்குப் பீரும் வேண்டாம், தாவரவியலும் வேண்டாம். ஆட்டுக்குப் புல் வேண்டும். காட்டை அழித்துப் புல் விதைத்த இடத்திலெல்லாம், புல் சற்று மெலிந்ததும் மனுகா முளைத்தது. சத்தில்லாத மண், சதுப்பு, காற்றறையும் முகடு, எதுவும் அதற்குப் பொருட்டில்லை. வெட்டி அடுப்பெரித்தார்கள், நன்றாக நின்று எரியும் விறகு. மீனைப் புகைபோட இன்றைக்கும் அங்கே மனுகாத் தூள்தான் வேண்டுமென்பார்கள். ஆனால் எரித்தது எரித்ததுதான், முளைத்தது முளைத்ததுதான்.

தேனீ வளர்ப்பவர்களுக்கும் மனுகா தலைவலியாகவே இருந்தது. அடைக்குள் அந்தத் தேன் ஜெல்லிபோல் கட்டிக்கொள்ளும். அடையைச் சுழற்றித் தேன் பிரிக்கும் இயந்திரத்தில் போட்டால் வெளியே வராது. ஒவ்வொரு அறையிலும் ஊசிகளைக் குத்திக் கலக்கிய பிறகுதான் இளகும். நிறம் கறுப்பு, வாசம் தூக்கல், நாக்கில் லேசான கசப்பு. வெள்ளையாய், மென்மையாய் இருக்கும் குளோவர் தேனுக்குத்தான் சந்தையில் விலை. மனுகா பூக்கும் முன்பே பெட்டிகளை வேறிடம் நகர்த்திக்கொண்டவர்களும் உண்டு.

இந்த நிலையை மாற்றியவர் ஒரு வணிகரல்ல. வேல்ஸிலிருந்து வந்து வைக்காட்டோ பல்கலைக்கழகத்தில் உயிர்வேதியியல் கற்பித்த பீட்டர் மோலன், 1980களில் தேனை ஆராயத் தொடங்கினார். தேன் எதுவானாலும் கிருமியைக் கொஞ்சம் அடக்கும். சர்க்கரை ஒரு காரணம், புளிப்பு ஒரு காரணம். தேனீயின் உமிழ்நீரிலிருந்து வரும் நொதி ஒன்று, தேனில் நீர் சேரும்போது ஹைட்ரஜன் பெராக்சைடை உண்டாக்குவது மூன்றாவது. மோலன் செய்த சோதனை எளிமையானது. பெராக்சைடைச் சிதைக்கும் கேட்டலேஸ் நொதியைத் தேனில் கலந்தார். மற்றத் தேன்கள் பல் பிடுங்கிய பாம்பாகிவிட்டன. மனுகாத் தேன்களில் சில மட்டும் ஸ்டெஃபைலோகாக்கஸ் கிருமியைத் தொடர்ந்து தடுத்தன. அந்த வலிமையை எத்தனை சதவீத ஃபீனால் கரைசலுக்குச் சமம் என்று அளந்தார். இன்று சீசாவில் யுஎம்எஃப் என்ற தரக்குறியோடு 10+, 15+ என்று போட்டிருக்கும் எண்ணுக்கு வேர் இந்த ஃபீனால் அளவுதான்.

காரணப் பொருள் எது என்பது இருபதாண்டுகளுக்கும் மேலாகப் பிடிபடவில்லை. 2008இல் ஜெர்மனியின் டிரெஸ்டன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் தாமஸ் ஹென்லேயின் குழு அதைப் பிடித்தது: மெத்தில்கிளையாக்சால். பூவின் தேனில் இருக்கும் டைஹைட்ராக்சி அசிட்டோன் என்ற பொருள், தேன் அடையிலும் பீப்பாயிலும் கிடக்கக் கிடக்க மெல்ல மெத்தில்கிளையாக்சாலாக மாறுகிறது என்பது அடுத்த ஆண்டே தெரிந்தது. ஆகவே அன்று எடுத்த தேனைவிடச் சில மாதம் வைத்திருந்த தேனுக்கு எண் கூடும். சூடு அதிகமாகி, காலமும் கடந்தால் மறுபடி இறங்கும். எல்லா மனுகாவும் ஒரே அளவு சுரப்பதில்லை. மலைக்கு மலை, செடிக்குச் செடி வேறுபடும். யுஎம்எஃப் 10+ என்றால் கிலோவுக்குக் குறைந்தது 263 மில்லிகிராம் மெத்தில்கிளையாக்சால். 20+ என்றால் 829. எண் ஏற ஏற விலையும் ஏறும்.

அந்த விலைக்கு என்ன கிடைக்கிறது? புண்ணுக்குக் கட்டும் மருத்துவத் தேன் கட்டுகளை 2007இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு அனுமதித்தது. ஆழமில்லாத தீப்புண் சீக்கிரம் ஆறத் தேன் உதவுகிறது என்பதற்குச் சான்று ஓரளவு உண்டு. ஆனால் நியூசிலாந்திலேயே 368 பேரிடம் நடந்து 2008இல் வெளியான ஆய்வில், காலில் வரும் சிரைப்புண்ணுக்கு மனுகாத் தேன் கட்டியவர்களுக்கும் வழக்கமான கட்டுப் போட்டவர்களுக்கும் பன்னிரண்டு வாரத்தில் சொல்லிக்கொள்ளும் வித்தியாசம் இல்லை. இதெல்லாம் வெளியே பூசுவதைப் பற்றி, அதுவும் கிருமி நீக்கிய தேனைப் பற்றி. ஸ்பூனில் எடுத்து விழுங்குவதற்கு அந்த எண் என்ன செய்யும் என்பதில் எனக்கு நம்பிக்கை குறைவு. வயிற்றுக்குள் போனபின் அது பெரும்பாலும் விலையுயர்ந்த சர்க்கரைதான். எண் எதுவானாலும் ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைக்குத் தேன் கூடாது.

இந்தச் சந்தேகமெல்லாம் சந்தையைத் தொடவில்லை. பூக்காலம் ஓரிடத்தில் சில வாரங்கள்தான் என்பதால், சாலையில்லாத மலைகளுக்கு ஹெலிகாப்டரில் தேன்பெட்டிகள் தொங்கிப் போயின. இரவோடிரவாகப் பெட்டிகள் களவு போயின. பக்கத்து நிலத்து எல்லையோரமாகப் பெட்டியை அடுக்கி, அடுத்தவர் பூவில் தேன் எடுப்பது பெரிய சண்டையானது. பதிவான தேன்கூடுகள் 2005 வாக்கில் ஏறக்குறைய மூன்று லட்சம். 2019இல் ஒன்பது லட்சத்தைத் தாண்டின. பிறகு விலை சரிந்தது, கூடுகளும் குறைந்தன. கலப்படமும் வராமலா இருக்கும்? ஆய்வகத்தில் செய்த டைஹைட்ராக்சி அசிட்டோனைத் தேனில் கலந்து நீதிமன்றம் வரை போனவர்கள் உண்டு. 2018இல் அரசு, ஏற்றுமதியாகும் தேனை மனுகா என்று சொல்ல நான்கு வேதிப்பொருள்களும் மகரந்தத்தின் மரபணுத் தடயமும் இருக்க வேண்டுமென்று விதித்தது. கெட்டிக்காரத்தனம் என்னவென்றால், எளிதில் கலக்கக்கூடிய மெத்தில்கிளையாக்சாலை அந்தச் சோதனையில் சேர்க்கவில்லை.

அடுத்து உரிமைச் சண்டை. இதே செடி டாஸ்மேனியாவிலும் வளர்கிறது. அதன் உறவுச் செடிகள் ஆஸ்திரேலியா முழுக்க உண்டு. அங்குள்ள தேன்காரர்களும் மனுகா என்றே விற்கிறார்கள். மனுகா என்ற மாவோரிச் சொல்லை நியூசிலாந்துக்காரர் தவிர வேறெவரும் தேனுக்குப் பயன்படுத்தக் கூடாதென்று முத்திரை கேட்டவர்களுக்கு 2021இல் பிரிட்டனும், 2023இல் சொந்த நாட்டு அறிவுசார் சொத்து அலுவலகமும் இல்லை என்றுவிட்டன. ஆஸ்திரேலியர் பக்கமும் நியாயம் இருக்கிறது. ஆனால் தங்கள் மொழியும் தங்கள் செடியும் சேர்ந்த ஒரு பெயர் தங்கள் கைக்கு அடங்காததை மாவோரி மக்கள் எப்படி எடுத்துக்கொள்வார்கள் என்பதும் புரிகிறது. நாட்டுத் தாவரங்கள்மேல் தங்களுக்குள்ள உரிமையை அங்கீகரிக்கக் கோரி, மாவோரி உரிமைக் கோரிக்கைகளை விசாரிக்கும் வைட்டாங்கி தீர்ப்பாயத்துக்கு 1991இல் போன அவர்களின் வழக்குக்கு அறிக்கை வந்ததே 2011இல்தான்.

வட தீவின் கிழக்குக் கரையில் மாவோரிக் குடும்பங்களிடம் மிஞ்சியிருக்கும் நிலம் பெரும்பாலும் செங்குத்தான, மண் நழுவும் மலை. 1988இல் போலா புயலிலும் 2023இல் கேப்ரியல் புயலிலும் அந்த மண் ஆற்றோடு இறங்கியது. ஆடு நிற்காத அந்தச் சரிவில் மனுகா நிற்கிறது. முற்றிய காயோடு கிளைகளை வெட்டி, சரிந்த மண்மேல் பரப்பிவிடுவார்கள். காய் உலர்ந்து விதை கொட்டும். முளைக்கு அந்தச் சுள்ளியே நிழல். சில ஆண்டுகளில் பூக்கும், பெட்டி வைக்கலாம். ஆனால் மனுகா வெயில் விரும்பி. அதன் நிழலில் பறவைகள் போட்ட விதைகளிலிருந்து காட்டுமரங்கள் எழுந்து, சில பத்தாண்டுகளில் அதன் தலைக்கு மேலே போய்விடும். அப்புறம் மனுகா அடியிலேயே பட்டுப்போகும். காடு வளர்ப்பவர்கள் அந்தக் கட்டத்தைத்தான் வெற்றி என்கிறார்கள். தேன்பெட்டிக்காரர் அப்போது புதர்களை வெட்டி இளமையாகவே வைத்திருக்க வேண்டும், அல்லது வேறு மலை தேட வேண்டும்.