மின்புலம்: கோட்டிலிருந்து அம்புக்குறிக்கு

நிலைமின்னியலைத் தமிழில் கற்பிப்போர் இன்று ஒரு முரண்பாட்டை எதிர்கொள்கின்றனர். பாடநூல் மின்புலத்தைக் கோடுகளாக வரைகிறது. கணினித் திரையோ அம்புக்குறிகளாகக் காட்டுகிறது. இதன் வரலாற்றுப் பின்னணியை ஆராய்வது தகும்.

1785-இல் கூலும் முறுக்குத் தராசு கொண்டு, மின்னூட்டங்களுக்கிடையேயான விசை தொலைவின் இருமடிக்கு எதிர்விகிதத்தில் அமைவதை நிறுவினார். அவ்விதியில் இடைவெளிக்குப் பங்கேதும் இல்லை. அப்பங்கை அளித்தவர் மைக்கேல் பாரடே. உயர்கணிதப் பயிற்சி பெறாத அவர், இரும்புத்தூள் காந்தத்தைச் சுற்றி அமையும் கோலத்திலிருந்து விசைக்கோடு என்னும் கருத்தை வளர்த்தார். மாக்சுவெல் அதற்குக் கணித வடிவம் தந்தார். தமிழ் இக்கருத்திற்குப் ‘புலம்’ என்னும் சொல்லை ஆண்டது. வயலையும் புலனறிவையும் ஒருங்கே குறிக்கும் இச்சொல் ஆங்கில மூலத்தினும் வளமானது என்பேன்.

எனினும் கோட்டுப்படத்தில் ஒரு குறை உண்டு. புள்ளி மின்னூட்டத்திலிருந்து தாளில் விரியும் கோடுகளின் நெருக்கம் தொலைவிற்கு எதிர்விகிதத்தில் குறைகிறது. புலமோ தொலைவின் இருமடிக்கு எதிர்விகிதத்தில் குறைகிறது. முப்பரிமாணத்தில் பொருந்தும் படம் தாளில் பொய்த்துவிடுகிறது. இதனைச் சுட்டிக்காட்டும் ஆசிரியர் அரியர்.

நோபல் பரிசு பெற்ற இயற்பியலாளர் காரல் வீமன் 2002-இல் அமெரிக்காவின் கொலராடோ பல்கலைக்கழகத்தில் தொடங்கிய ‘பெட்’ திட்டத்தின் மின்னூட்ட உருவகச் செயலி இக்கோடுகளை அறவே தவிர்க்கிறது. பின்னணியில் உள்ள அம்புக்குறிகள் ஒரே நீளமுடையவை. புலவலிமையை அவற்றின் ஒளிர்வு உணர்த்துகிறது. ஒரு நானோகூலும் மின்னூட்டத்தை வைத்து, உணர்வியை ஒரு மீட்டர் தொலைவில் நிறுத்தினால் மீட்டருக்கு ஏறத்தாழ 9 வோல்ட். இரண்டு மீட்டரில் 2.25. கூலும் விதியை மாணவர் தாமே கண்டடைகின்றனர்.

அச்செயலியில் மாணவர் வரையும் கோடு சமமின்னழுத்தக் கோடு ஒன்றே. திருவண்ணாமலை மாணவருக்கு அதனை விளக்க வேற்றூர் உவமை வேண்டுவதில்லை. ஏறத்தாழ 14 கி.மீ. நீளமுள்ள கிரிவலப் பாதை பெரும்பாலும் மலையடிவாரச் சமதளத்திலேயே செல்கிறது. எவ்வளவு நடந்தாலும் புவியீர்ப்புக்கு எதிராகச் செய்யும் வேலை மிகக் குறைவு. கால்வலி வேறு கணக்கு! இரமணாசிரமத்தின் பின்புறமிருந்து கந்தாசிரமத்திற்கு ஏறுபவரோ ஒவ்வோர் அடியிலும் வேலை செய்கிறார். சரிவு மிகச் செங்குத்தாக உள்ள திசை, சம உயரக் கோட்டிற்குச் செங்குத்தாக அமைவது போன்றே மின்புலமும் சமமின்னழுத்தக் கோட்டிற்குச் செங்குத்தாக அமைகிறது. அது சுட்டுவது மின்னழுத்தம் இறங்கும் திசையை.