திரையில் முகம் காட்டாத பால் ராப்சன்

பால் ராப்சன் (1898–1976) அமெரிக்கக் கறுப்பினப் பாடகர், நடிகர். அடிமைத்தளையிலிருந்து தப்பிப் பாதிரியாரான ஒருவரின் மகன். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர். ஆப்பிரிக்க மண்ணிலேயே நடனங்களும் பாடல்களும் படமாக்கப்படுகின்றன என்பதற்காக 'சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்' (1935) என்ற கதைப்படத்தில் ஆர்வத்தோடு நடித்தார். வெளிவந்த படமோ பிரிட்டிஷ் ஆட்சியின் புகழ் பாடியது. கதைப்படத்தில் நடிகனின் உழைப்பைப் பிறர் எப்படியும் வெட்டி ஒட்டலாம் என்பதை அது காட்டியது. பிற்பாடு அந்தப் படத்தை ராப்சன் வெளிப்படையாகவே நிராகரித்தார்.

1937இல் தென்னாப்பிரிக்காவைப் பற்றிய 'மை சாங் கோஸ் ஃபோர்த்' ஆவணப்படத்துக்கு முன்னுரை பேசி, முகப்புப் பாடலையும் பாடினார்.

அவருடைய ஆவணப்படப் பணியின் சிகரம் 'நேட்டிவ் லேண்ட்' (1942). லியோ ஹர்விட்ஸும் பால் ஸ்ட்ராண்டும் இயக்கிய இப்படத்துக்கு அடிப்படை, அமெரிக்க செனட்டின் லா ஃபாலெட் குழு திரட்டிய சாட்சியங்கள். தொழிற்சங்கங்களுக்குள் முதலாளிகள் ஒற்றர்களை நுழைத்ததும், அடியாட்களை வைத்துத் தொழிலாளர்களைத் தாக்கியதும் அந்த விசாரணையில் அம்பலமாயின. உண்மைக் காட்சிகளோடு, நடந்ததை நடித்துக்காட்டிய பகுதிகளும் படத்தில் கலந்திருந்தன. அர்கன்சாஸில் கறுப்பர், வெள்ளையர் என இரு இன வாரக்குடி விவசாயிகளும் வேட்டையாடப்படும் பகுதி இன்றும் மனத்தை உலுக்கக்கூடியது. ராப்சன் திரையில் தோன்றவே இல்லை. வர்ணனையும் மார்க் பிளிட்ஸ்டைன் இசையமைத்த பாடல்களும் மட்டுமே அவருடையவை. ஒட்டுமொத்த அமெரிக்காவின் சார்பில் ஒரு கறுப்பரின் குரல் பேசியது அன்று சாதாரணச் செய்தியல்ல. ஆனால் படம் வெளியானபோது நாடு உலகப் போரில் இறங்கியிருந்தது. உள்நாட்டுப் பூசலைக் கிளற அது வேளையல்ல என்ற மனநிலையில் படம் பரவலாகச் சென்றுசேரவில்லை. அதே ஆண்டில் தான் நடித்த 'டேல்ஸ் ஆஃப் மன்ஹாட்டன்' படம் கறுப்பரைச் சித்திரித்த விதத்தால் மனம் கசந்து, ராப்சன் ஹாலிவுட்டைத் துறந்தார்.

அவரது அரசியல் நிலைப்பாடுகளுக்காக 1950இல் அவரது பாஸ்போர்ட்டை அமெரிக்க அரசு முடக்கியது. உலகின் பெருநதிகளையும் அவற்றின் கரையில் உழைப்போரையும் ஒரே சரட்டில் கோத்த யோரிஸ் ஐவன்ஸ் இயக்கிய 'சாங் ஆஃப் தி ரிவர்ஸ்' (1954) ஆவணப்படம் கிழக்கு ஜெர்மனியில் உருவானபோது, அவரால் அங்கே செல்ல முடியவில்லை. ஷோஸ்டகோவிச்சின் இசையில், பிரெக்ட் எழுதிய பாடலை அமெரிக்காவிலேயே பதிவுசெய்து அனுப்பினார். பாஸ்போர்ட் திரும்பக் கிடைத்தது 1958இல்தான்.

அவர் மறைந்த பின் சால் டுரெல் இயக்கிய 'பால் ராப்சன்: டிரிபியூட் டு ஆன் ஆர்ட்டிஸ்ட்' (1979), சிறந்த குறும் ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. அதற்கு வர்ணனை தந்தவர் நடிகர் சிட்னி பாய்ட்டியே. தன் புகழ்பெற்ற 'ஓல் மேன் ரிவர்' பாடலின் சோர்ந்த வரிகளை ராப்சன் காலப்போக்கில் போராட்ட வரிகளாக மாற்றிப் பாடியதை அப்படம் எடுத்துக்காட்டுகிறது.