பேச்சுக்கு முன் ஒரு பாட்டு

நாடக மேடைகளில் நல்ல குரலைத் தேடிப் பிடித்து, இசைத்தட்டாக்கி விற்க முகவர்கள் அலைந்த காலம் 1930-கள். அக்காலத்தில் அட்டன் மலைகளில் ஒலித்த குரலொன்று அந்தச் சந்தைக்கு உரியதன்று. லயத்துக் கூலிக்காரனிடம் இசைத்தட்டு வாங்கக் காசேது?

அக்குரலுக்குரியவர் மீனாட்சியம்மையார். அவர் கணவர் கோ. நடேசய்யர் தஞ்சையிலிருந்து வந்தவர். அந்நியர் நுழையக் கூடாத தோட்டங்களுக்குள் புடைவை வியாபாரியாய்ப் புகுந்து தொழிலாளர் நிலையைக் கண்டறிந்தவர். 1931-இல் அகில இலங்கை இந்தியத் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தவர். ஐயர் பேசுவதற்கு முன் அம்மையார் பாடுவார். பாரதியின் பாடல்களும் அவரே கட்டிய பாடல்களும் கூட்டத்தைச் சேர்க்கும். எழுத்தறியாதார் மலிந்த இடத்தில் துண்டுப் பிரசுரம் எவ்வளவு தூரம் போகும்? மனத்தில் பதிந்த மெட்டோ லயம் வரை போகும். அதைத் துரையும் கங்காணியும் பறிமுதல் செய்ய இயலாது.

1936-இல் அட்டன் தொகுதி ஐயரை அரசாங்க சபைக்கு அனுப்பிற்று. அவ்வெற்றியில் இந்தப் பாட்டுக்கும் பங்குண்டு என்றே நான் கருதுகிறேன். அம்மையாரைத் தலைவரின் துணைவியார் என்ற அளவில் எழுதிக் கடந்துவிடுவது நியாயமன்று.

1939-இல் அரசுத் துறைகளிலிருந்து இந்திய நாட்கூலிகள் நீக்கப்பட்டனர். மறு ஆண்டே, ‘இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை’ என்ற தலைப்பில் அம்மையாரின் பாடல்கள் அச்சேறின. அட்டையில் இருந்தது அவர் பெயர்.