புத்தளக் கரையில் பயணியர் தங்குமிடங்கள்

புத்தளம் மாவட்டக் கரையோரத்தில் வழிப்போக்கர் தங்கிய இடங்களைப் பற்றிய விரிவான பழைய பதிவு மொரோக்கோப் பயணி இப்னு பதூதாவின் நூலில் உள்ளது. 1344இல் மாலைத்தீவிலிருந்து மதுரை சுல்தானகத்துக்குப் புறப்பட்ட அவருடைய மரக்கலம் காற்றில் திசைமாறி இலங்கைக் கரைக்கு வந்தது. அது யாழ்ப்பாண அரசர் ஆரியச்சக்கரவர்த்தியின் துறை. அவரிடம் கொள்ளைக் கலங்கள் இருப்பதாகச் சொல்லி மாலுமிகள் கரை சேர அஞ்சினர். காற்று வலுத்துக் கலம் மூழ்கும் நிலை வரவே, பதூதா முதலில் இறங்கினார். யார் என்று கேட்டவர்களிடம், தாம் மதுரை சுல்தானின் சகலை என்றும் கலத்திலுள்ளவை அந்தச் சுல்தானுக்கான காணிக்கை என்றும் கூறினார்.

அவர் 'பத்தாலா' என்று எழுதிய ஊர் புத்தளமே என்பது ஆய்வாளர் கருத்து. மரமதிலும் மரக்கோபுரங்களும் சூழ்ந்த அச்சிறு நகரில் அரசர் எழுந்து வரவேற்றுத் தம்மருகே அமர்த்தினார். பாரசீகம் அறிந்த அவர் பிற நாட்டு மன்னர்களின் கதைகளை விரும்பிக் கேட்டார்; முத்துகளையும் பரிசளித்தார். மூன்று நாள் தங்கலுக்குப் பின் பாவாத மலை எனப்படும் சிவனொளிபாத மலைக்குச் செல்லப் பல்லக்கும் துணையாட்களும் தந்தார். விருந்தினர் திரும்பும்வரை கலத்தலைவரும் அரசரின் விருந்தினராகவே இருந்தார்.

தலவில புனித அன்னாள் ஆலயத்தின் தோற்றக் கதையும் ஒரு வழிப்போக்கரையே சுட்டுகிறது. மன்னாரிலிருந்து கொழும்புக்கு நடந்த போர்த்துக்கேயர் ஒருவர் அங்கே மரத்தடியில் உறங்கிக் கனவு கண்டார் என்பது மரபு. மார்ச், ஆகஸ்ட் திருவிழாக்களுக்கு வரும் யாத்திரிகர்கள் ஆலயச் சூழலிலேயே நாட்கணக்கில் தங்குகின்றனர்.

பிரித்தானியர் ஆட்சியில் அதிகாரிகளும் பயணிகளும் இளைப்பாறத் தெருவோரங்களில் அமைந்த விடுதிகள் தமிழில் 'வாடிவீடு' எனப்பட்டன. பருவந்தோறும் இடம்பெயரும் மீனவர்கள் மணலில் எழுப்பும் கிடுகுக் கொட்டிலும் 'வாடி' என்றே வழங்குகிறது.

1990 அக்டோபரில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களில் மிகப் பலர் புத்தளத்தில் தஞ்சமடைந்தனர். உள்ளூர் மக்கள் வீடுகளையும் பள்ளிவாசல்களையும் பாடசாலைகளையும் திறந்துவிட்டனர். பின்னர் கிடுகுக் கொட்டில்களால் முகாம்கள் எழுந்தன. சில நாளுக்கென வேய்ந்தவற்றில் பலர் பல்லாண்டுகள் வாழ நேர்ந்தது.

2009இல் உள்நாட்டுப் போர் முடிந்தபின் கற்பிட்டியில் சுற்றுலா வளர்ந்தது. காற்றாடிச் சறுக்கலுக்கும் டொல்பின் காணவும் வரும் வெளிநாட்டவருக்கான விடுதிகளிலும் கிடுகு வேய்ந்த குடில்கள் இன்று இடம்பெறுகின்றன.